ரெண்டு இஞ்ச் பிடி

நாற்பதைத் தாண்டி, இடுப்பு என்ற உறுப்பையே தொலைத்துவிட்ட நண்பர்களே, உங்களிடம் மட்டும் ஒன்று கேட்கிறேன். விமான நிலையத்தில் பெல்ட்டைக் கழற்றித் தட்டில் போடச் சொல்லிவிட்டு, அந்தச் சின்ன மேடையில் ஏற்றி, இரண்டு கையையும் விரித்து நீட்டச் சொல்கிறார்களே, அந்த நேரத்தில் நீங்கள் என்ன செய்கிறீர்கள்? நான் வயிற்றை உப்பிக்கொள்கிறேன். அதற்குப் பெரிய முயற்சி ஒன்றும் தேவையில்லை, முக்கால்வாசி ஏற்கெனவே உப்பித்தான் இருக்கிறது. ஆனாலும் பேண்ட் நிற்பதில்லை. தொப்பைக்கு மேலே கட்டினால் மூச்சு முட்டுகிறது, கீழே கட்டினால் வழுக்குமரம். அந்தக் காவலர் கருவியை வைத்து என் கக்கத்தைத் தடவி முடிப்பதற்குள் எனக்கு உள்ளங்கை வேர்த்துவிடும்.

உங்களுக்கு இந்தப் பயம் வயிறு வந்த பிறகு வந்திருக்கும். எனக்கு வயிறே இல்லாத காலத்தில் வந்தது. ஏழாம் வகுப்பில். அதைத்தான் சொல்ல வந்தேன்.

நாங்கள் அப்போது ஸ்ரீராம்புரத்தில் இருந்தோம். எதிரே ஆள் வந்தால் ஒருவர் பக்கவாட்டில் திரும்பி நின்றால்தான் இன்னொருவர் போக முடிகிற சந்து. காலையில் குழாயடிச் சண்டை, சாயங்காலம் மிளகாய் வறுக்கிற கமறல், எல்லாமே தமிழில்தான். சந்தைத் தாண்டி, ரயில் தண்டவாளத்தைத் தாண்டினால் மல்லேஸ்வரம் பக்கம். என் பள்ளிக்கூடம் அங்கே. மரங்கள் அங்கே. கன்னடமும் அங்கே. மில்லில் ஃபிட்டராக இருந்த அப்பாவோடு நடந்து போனால், தண்டவாளத்தில் கால் வைக்கிற இடத்தில் அவர் வாய் மாறுவது கேட்கும். இந்தப் பக்கம் "பாத்து வாடா" என்றவர், அந்தப் பக்கம் இறங்கியதும் அதையே கன்னடத்தில் "நோடிகொண்டு பாப்பா" என்பார். நடுவில், ஜல்லிக்கல் மேலே, எந்தப் பாஷையும் பேசமாட்டார்.

அதற்கு ஒரு காரணம் இருந்தது. முந்தைய வருஷக் கடைசியில் காவிரித் தண்ணீருக்காக ஊரில் பெரிய கலாட்டா. எங்களுக்கு எதுவும் ஆகவில்லை. ஆனால் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருந்த அந்த நாட்கள் வீட்டுக்குள் ஒரு வாசனை மாதிரி தங்கிவிட்டன. முன்னறையில் தொங்கிய தமிழ் நாள்காட்டி சமையலறைக்குப் போய், அரிசி டின்னுக்குப் பின்னால் தேதி காட்டியது. அப்பா தமிழ் வாரப்பத்திரிகையைக் கன்னடப் பேப்பருக்குள் மடித்து வைத்து எடுத்து வருவார். அம்மா தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் காய் வாங்கப் போனால் விரலால் காட்டி வாங்குவாள், வாயே திறக்கமாட்டாள். "ஊமைன்னு நெனைச்சி ஒரு கட்டு கொத்தமல்லி சும்மா குடுத்தாண்டா" என்று ஒருநாள் சந்தோஷமாகச் சொன்னாள்.

அப்பாவுக்குக் கன்னடம் பற்றி ஒரு சித்தாந்தம் உண்டு. தமிழில் 'ப' வருகிற இடத்தில் 'ஹ' போட்டால் கன்னடம் வந்துவிடும் என்பார். "பால், ஹாலு. பல்லு, ஹல்லு. புலி, ஹுலி. பத்து, ஹத்து. அவ்ளோதான் பாஷை." சாப்பிடும்போது சொல்வார், சவரம் பண்ணும்போது சொல்வார். எங்களோடு தங்கியிருந்த மாமா, அதாவது அம்மாவின் தம்பி, கல்யாணமாகாத தைரியத்தில் எதையும் கேலி பண்ணக்கூடியவர். ஒருநாள் தட்டில் கை வைத்துக்கொண்டே கேட்டார்.

"அப்ப பேண்ட்டு, ஹேண்ட்டா மச்சான்?"

அப்பா சிரிக்கவில்லை. "தமாஷ் பண்றவன் எவனும் பாஷை கத்துக்க மாட்டான்" என்றார்.

அந்த ஹேண்ட்டை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

நவம்பர் முதல் தேதி ராஜ்யோத்சவம், கன்னட நாடு பிறந்த நாள். பள்ளிக்கூடத்தில் விழா. மைதானத்தில் எங்களை உயர வரிசையில் நிறுத்தினார் விளையாட்டு வாத்தியார். நான் அந்த வருஷம் திடீரென்று வளர்ந்திருந்தேன், நீளத்தில் மட்டும். அகலம் வந்து சேரவில்லை. அவர் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, கன்னடத்தில், "இவனே கம்பம் மாதிரி இருக்கான், இவன் கையிலயே கம்பத்தைக் குடுத்துடலாம்" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். சிரித்து முடித்த பிறகுதான் விஷயம் புரிந்தது. மேடையில் முன்னால் நின்று, சிவப்பு மஞ்சள் கொடியை நான்தான் பிடிக்க வேண்டும்.

அவர் மூங்கில் கம்பை என் கையில் கொடுத்துச் சொன்னது இன்றும் காதில் இருக்கிறது. "எரடு கை. பாவுட்டா நெலக்கெ தாகபாரது." இரண்டு கையும் வேண்டும், கொடி தரையைத் தொடக்கூடாது. பாட்டு முடிந்து, பெரிய வாத்தியார் பேசி முடிக்கும்வரை. வெள்ளைச் சட்டை, வெள்ளை முழுப் பேண்ட்.

வீட்டில் சொன்னபோது அப்பாவின் கையிலிருந்த சோற்று உருண்டை வாய்க்குப் போகாமல் பாதியில் நின்றது.

"உன்னையா? வேற ஆளே கிடைக்கலையா?"

"நான்தான் உயரமாம்."

"கொஞ்சம் குனிஞ்சி நின்னிருக்கலாமில்ல?"

அம்மா, "நம்ம புள்ள கொடி புடிக்கிறது நல்லதுதானே" என்றாள்.

"நல்லதுதாண்டி. கீழ போட்டான்னா? யார் புள்ள போட்டதுன்னு கேப்பாங்கல்ல? ஸ்ரீராம்புரம், தமிழ்க்காரன் புள்ளன்னு சொல்வாங்கல்ல?"

"அப்ப வேணாம்னு சொல்லிடுங்க."

"வேணாம்னா? கொடி புடிக்க மாட்டேன்னு சொல்லிட்டான்னு ஆயிடாதா?"

வேண்டாம் என்று சொல்லவும் பயம், சரி என்று சொல்லவும் பயம். அன்றைக்கு அந்தச் சோற்று உருண்டை திரும்பத் தட்டுக்கே போனது. இன்றைக்கு யோசித்தால், அந்த வாத்தியார் என் உயரத்தை மட்டும் பார்க்கவில்லையோ என்று தோன்றுகிறது. கலாட்டா வருஷத்துக்கு அடுத்த விழாவில், எங்கள் பக்கத்துப் பையன் கையில் அந்தக் கொடி இருந்தால் நல்லது என்று நினைத்திருக்கலாம். அப்பாவுக்கு அது பரீட்சையாகத்தான் தெரிந்தது. எனக்கும் அப்படியேதான்.

என்னிடம் முழுப் பேண்ட் கிடையாது. அரை டவுசரோடு ஓடிக்கொண்டிருந்தவன். பெரியம்மா பையன், ஊரில் இருக்கிற குண்டண்ணன், ஒரு கல்யாணத்துக்குப் போட்டுவிட்டுக் கழித்துக் கொடுத்த வெள்ளைப் பேண்ட் பெட்டியில் இருந்தது. ரசகற்பூர உருண்டை வாசனையும், பாக்கெட்டுக்குள் யாரும் பார்க்காத இடத்தில் ஒரு மஞ்சள் கறையும். போட்டுப் பார்த்தேன். இடுப்பில் என்னோடு இன்னும் கால்வாசி ஆள் நிற்கலாம்.

"ரெண்டு இஞ்ச் பிடிச்சா போதும்" என்றாள் அம்மா. "பிடிக்கச் சொல்லுங்க, உயரத்துல தொடவேணாம்."

பள்ளிக்கூடத்துச் சீருடை தைக்கிற டெய்லர் கடை மல்லேஸ்வரம் பக்கம்தான். சின்னக் கடை, வாசலுக்கு மேலே ஆள் உயரத்துக்கு ஒரு சிவப்பு மஞ்சள் கொடி வருஷம் முழுக்கத் தொங்கும். அந்தக் கொடியைப் பார்த்தாலே அப்பா சட்டைக் காலரைச் சரி பண்ணிக்கொள்வார். டெய்லர் நெற்றியில் பெரிய குங்குமம், கழுத்தில் டேப், வாயில் குண்டூசி. விழாவுக்குக் கொடியைக் காசு வாங்காமல் தைத்துக் கொடுப்பதும் அவர்தான் என்று பள்ளிக்கூடத்தில் பேச்சு. இவரைவிடக் கன்னடக்காரர் அந்தத் தெருவில் இல்லை என்று அப்பா முடிவு பண்ணியிருந்தார். கடைக்குள் வேறு இரண்டு பேர் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தார்கள்.

இந்த இடத்தில் நீங்கள் கொஞ்சம் வாயைத் திறந்து பார்க்க வேண்டும். நம் எழுத்தில் 'பி' ஒன்றுதான். வாயில் இரண்டு இருக்கிறது. பிள்ளையில் வருகிற பி ஒன்று, பீடியில் வருகிற பி இன்னொன்று. பிள்ளையின் பி போட்டு 'பிடி' என்றால் நமக்குத் தெரியும், பற்றிக்கொள், சுருக்கு. பீடியின் பி போட்டு 'பிடி' என்றால் அது கன்னடம். விடு என்று அர்த்தம். விட்டுவிடுங்கள், தளர்த்துங்கள், போகட்டும்.

அப்பா தொண்டையைக் கனைத்தார். கன்னடமாகக் கேட்க வேண்டுமே என்று வார்த்தையை நெஞ்சிலிருந்து எடுத்து, அழுத்தி, பீடியின் பி போட்டுச் சொன்னார்.

"சொண்டதல்லி எரடு இஞ்ச் பிடி."

இடுப்பில் இரண்டு இஞ்ச் விடுங்கள்.

டெய்லர் பேண்ட்டைப் பார்த்தார். என் இடுப்பைப் பார்த்தார். "பிடபேகா?" என்றார். விடணுமா?

"ஹௌது ஹௌது. பிடி, பிடி" என்றார் அப்பா, தன் கன்னடம் இவ்வளவு சுலபமாகச் செல்லுபடியான சந்தோஷத்தில்.

டெய்லர் இன்னொரு தடவை என்னைப் பார்த்தார். குனிந்து டேப்பை என் வயிற்றில் சுற்றி, குண்டூசிக்கு நடுவே ஏதோ முணுமுணுத்துக் கணக்குப் போட்டார். பிறகு தனக்குத் தானே ஒரு சமாதானம் சொல்லிக்கொண்டார். "ஹுடுகா பெளீத்தானே." பையன் வளருவானே.

பால் ஹாலு, புலி ஹுலி என்று ஆயிரம் தடவை சொன்ன மனிதர். அதே கணக்கில் பிடி, ஹிடி. சுருக்கு என்பதற்குக் கன்னடத்தில் அதுதான் வார்த்தை, அவருடைய சித்தாந்தம் நூற்றுக்கு நூறு சரி. என் மானத்துக்கு அது தேவைப்பட்ட ஒரே ஒரு நாளில் மறந்துவிட்டார்.

தீபாவளித் தையலில் மூழ்கியிருந்த டெய்லர், விழாவுக்கு முந்தின நாள் சாயங்காலம்தான் பேண்ட்டைப் பொட்டலம் கட்டிக் கொடுத்தார். வீட்டுக்கு வந்து பிரித்தோம். இஸ்திரி மடிப்பு கத்தி மாதிரி நின்றது. தையல் அவ்வளவு சுத்தம். நான் காலை விட்டு, மேலே இழுத்து, கையை எடுத்தேன். பேண்ட் யாரையும் கேட்காமல் நேராகத் தரைக்குப் போனது.

அம்மா குனிந்து அதை எடுத்தாள்.

"விட்டிருக்காங்க" என்றாள் அம்மா, தையலை விரலால் தடவிப் பார்த்து. "பிடிக்கச் சொன்னா விட்டிருக்காங்க."

அப்பா முகம் வெளுத்தது. "நான் சரியாத்தான் சொன்னேன்" என்றார். பிறகு கொஞ்சம் மெதுவாக, "வேணும்னே பண்ணியிருப்பானோ?" என்றார்.

பொட்டலத்தை மறுபடி கட்டிக்கொண்டு நானும் அப்பாவும் கிளம்பினோம். தண்டவாளத்தைத் தாண்டியதும் கடை தெரிந்தது. வாசலில் கூட்டம். நாற்காலி மேல் ஏறி நின்று டெய்லர் தோரணம் கட்டிக்கொண்டிருந்தார், சுற்றிலும் இளைஞர்கள், ஒருவன் டோலக் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தான். தெரு முழுக்கச் சிவப்பும் மஞ்சளும். சந்தோஷமான கூட்டம்தான், இப்போது நினைத்தால் தெரிகிறது. அப்பா அப்படியே நின்றார். அந்தக் கூட்டத்தைப் பிளந்துகொண்டு போய், 'தப்பாகத் தைத்துவிட்டீர்கள்' என்று எந்தக் கன்னடத்தில் சொல்வது? பக்கத்து வண்டியில் வேர்க்கடலை வாங்கினார். பேண்ட் பொட்டலத்தைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, கடலையைத் தின்றபடி, கடலை வாங்கத்தான் வந்ததுபோல் திரும்பி நடந்தார். என் பங்குக் கடலையை டவுசர் பாக்கெட்டில் போட்டுக்கொண்டேன்.

"நாளைக்கு ஒரு நாள் தானேடா" என்றார் தண்டவாளத்தின் நடுவில். அங்கே அவர் பேசிக் கேட்டது அதுதான் முதல் தடவை.

வீட்டில் ஆராய்ச்சி தொடங்கியது. பிரித்துத் தைக்கலாம் என்று அம்மா ஊசி எடுத்தாள், அந்தப் பட்டைத் துணி ஊசியை வளைத்துவிட்டது. அரைஞாண் கயிறு இருந்தால் அதில் செருகியிருக்கலாம். அதை நான்தான் கோடை விடுமுறையில், ஏழாவது போகிறவனுக்கு இது எதற்கு என்று, பிளேடால் அறுத்துத் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் போட்டிருந்தேன். அன்று ராத்திரி டார்ச் அடித்துத் தேடினேன். பாவாடை நாடாவை உள்ளே கட்டிப் பார்த்தோம், நாடா இடுப்பில் நின்றது, பேண்ட் நாடாவை விட்டு இறங்கியது.

மாமாதான் பரிசோதகர். என் இரண்டு கையிலும் ஒட்டடைக் கம்பைக் கொடுத்து, "பாடு" என்பார். நான் பள்ளிக்கூடத்துப் பாட்டைப் பாடுவேன். எந்த அடியில் பேண்ட் முழங்காலுக்கு வருகிறது என்று அவர் பார்ப்பார். ஊக்கு போட்டபோது இரண்டாவது அடி. ஊக்கும் நாடாவும் சேர்ந்தபோது நான்காவது அடி. அதற்குமேல் ஊக்கு திறந்து என்னைக் குத்தியதால் சுருதி ஏறியது.

"ராகம் நல்லாயிருக்கு. பேண்ட்டுதான் தாளத்துக்கு நிக்கல" என்றார்.

கடைசியில் தன் பெல்ட்டைக் கொடுத்தார். ரெக்சின் பெல்ட், கழுகு பொறித்த பக்கிள், அவர் உயிர். எனக்கு ஒன்றரைச் சுற்று வந்தது. அடுப்பில் ஆணியைக் காய்ச்சி, பொசுங்கல் நாற்றத்தோடு புதிதாக ஓர் ஓட்டை போட்டார். மாட்டினேன். பேண்ட் சுற்றிலும் மடிப்பு மடிப்பாகச் சுருங்கி, சுருக்குப் பை மாதிரி ஆனது. ஒட்டடைக் கம்போடு முழுப் பாட்டும் பாடினேன். நின்றது.

"பாஸ்" என்றார் மாமா.

அப்பா மட்டும் அந்த ஓட்டையையே பார்த்துக்கொண்டிருந்தார். மில்லில் இயந்திரம் பழுது பார்க்கிறவர். எது எங்கே பிய்யும் என்று அவருக்குத் தெரியும். தெரிந்ததைச் சொல்லாமல் விளக்கை அணைத்தார்.

காலையில் அம்மா தன் பங்குக்கு வேறொரு வழி வைத்திருந்தாள். பேண்ட் பெரிதாக இருந்தால் என்ன, பையனைப் பெரிதாக்கிவிடலாம். இட்லியாக வைத்துக்கொண்டே போனாள். "இன்னும் ஒண்ணு. வயிறு நின்னாதான் பேண்ட்டு நிக்கும்." நான் ஏப்பம் விடக்கூடப் பயந்தேன், காற்று போனால் சுற்றளவு குறையுமே.

மைதானத்தில் ஷாமியானா, சிவப்பு நாற்காலிகள், சாமந்திப் பூ வாசனை. மேடையின் முன் ஓரத்தில் நான், கையில் கம்பு. எனக்குப் பின்னால் பெரிய மனிதர்கள். கொடி தைத்துக் கொடுத்ததற்காக டெய்லருக்கும் ஒரு நாற்காலி, சரியாக என் முதுகுக்கு நேரே. தோளில் புதுச் சால்வை, சட்டைக் காலருக்கு அடியில் எப்போதும் செருகியிருக்கும் ஊசியும் நூலும். தூரத்தில், கேட் பக்கம், பெற்றோர் கூட்டத்தில் அப்பா. சட்டையில் சின்னச் சிவப்பு மஞ்சள் ரிப்பன் குத்தியிருந்தார். அதை எங்கே வாங்கினார் என்று தெரியாது.

பாட்டு தொடங்கியது. எல்லோரும் எழுந்து நின்றார்கள். கொடியை நான் உயர்த்தினேன். அப்போதுதான் ஒன்று புரிந்தது. ஒட்டடைக் கம்பில் துணி இல்லை. வீட்டுக்குள் காற்றும் இல்லை. இங்கே இரண்டும் இருந்தன. காற்று கொடியை இழுக்க, கம்பு சாய, நான் வயிற்றை எக்கி அதை நிமிர்த்த, வயிற்றை எக்கிய அந்த நொடியில் இட்லிகள் அத்தனையும் உள்ளே எங்கோ ஒதுங்கிக்கொண்டன.

சர்ர் என்று ஒரு சின்னச் சத்தம். எனக்கு மட்டும் கேட்டது. ஆணி போட்ட ஓட்டை பிய்ந்துகொண்டிருந்தது. ரெக்சின் மெதுவாகத்தான் பிய்யும், அதுதான் அதன் கொடுமை. கழுகு ஒரு பக்கமாகச் சாய்ந்தது. பேண்ட் இடுப்பெலும்பைத் தாண்டி ஒரு விரல் இறங்கியது. காலை அகட்டினேன். நின்றது. வாத்தியார் கீழேயிருந்து பல்லைக் கடித்துக்கொண்டு "அல்லாடபேடா" என்றார். ஆடாதே. காலைச் சேர்த்தேன். இன்னொரு விரல் இறங்கியது.

கம்பின் அடியைத் தொப்புளுக்குக் கீழே அழுத்தி, முன்பக்கத்தை நிறுத்தினேன். பின்பக்கம் யார் கட்டுப்பாட்டிலும் இல்லை. ஒரு கையை விட்டால் பேண்ட் பிழைக்கும், கொடி சாயும். கையை விடாவிட்டால் கொடி பிழைக்கும், ஊர் முழுக்க என்னைப் பார்க்கும். இதை நான் கணக்காக யோசித்தேன் என்று பெருமை அடித்துக்கொள்ள ஆசைதான். உண்மையில் என் தலைக்குள் ஓடியது அப்பாவின் குரல் மட்டும். யார் புள்ள போட்டதுன்னு கேப்பாங்கல்ல?

கேட் பக்கம் பார்த்தேன். அப்பா அங்கிருந்தே பார்த்துவிட்டார். அவர் உதடு பாட்டைப் பாடிக்கொண்டிருந்தது. அவருடைய இரண்டு கையும் அவருடைய பேண்ட்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தன.

நான் கையை விடவில்லை. கண்ணை மூடிக்கொண்டேன். ஜட்டியின் பட்டை வெயிலைப் பார்த்தது.

பின்னாலிருந்து ஒரு கை வந்தது. பேண்ட்டின் பின்பட்டையைக் கொத்தாகப் பற்றி, மேலே ஏற்றி, இடுப்புக்கு மேல் நிறுத்தி, முறுக்கி, அப்படியே வைத்துக்கொண்டது. குங்கும வாசனையும் மெஷின் எண்ணெய் வாசனையும் காதருகே வந்தன.

"அசையாத தம்பி. நான் பிடிச்சிருக்கேன்."

தமிழ். பிள்ளையில் வருகிற பி.

எனக்குப் பயத்தில் பாதி போய், மீதி இடத்தில் ஆச்சரியம் வந்து உட்கார்ந்தது. அந்த முணுமுணுப்பு அப்போது ஞாபகம் வந்தது. குண்டூசிக்கு நடுவே அவர் போட்ட கணக்கு தமிழ்க் கணக்கு. இருபத்தாறில் பாதி பதிமூணு. வீட்டில் கேட்கிற மாதிரியே இருந்ததால் அன்று எனக்கு அது காதில் உறைக்கவே இல்லை. நாங்கள் தமிழ் என்று அப்பாவின் கன்னடமே அவருக்குச் சொல்லியிருக்கும்.

பாட்டு முடிந்தது. எல்லோரும் உட்கார்ந்தார்கள். டெய்லர் உட்காரவில்லை. எப்படி உட்கார முடியும்? சால்வை எங்கள் இருவருக்கும் நடுவே தொங்கி அவர் கையை மறைத்தது. பெரிய வாத்தியார் பேச எழுந்தார், திரும்பிப் பார்த்தார், ஒருவர் மட்டும் கொடிக்குப் பின்னால் விறைப்பாக நிற்பதைக் கண்டார். நெகிழ்ந்துவிட்டார். பேச இருந்ததை விட்டுவிட்டு, பாஷைப் பற்று என்றால் இதுதான், பாட்டு முடிந்தும் இவரால் உட்கார முடியவில்லை பாருங்கள் என்று தொடங்கினார். கைதட்டல். டெய்லர் ஒரு கையால் கும்பிட்டார். மற்றக் கையின் கதை எனக்கு மட்டும் தெரியும்.

அந்தப் பேச்சு நீளமோ நீளம். இடையிடையே காதருகே குரல் வரும். "மூச்சு விடு." "கம்பைக் கொஞ்சம் நிமித்து." "இன்னா தின்ன காலையில, இவ்ளோ கனமா இருக்கே?"

"இட்லி" என்றேன்.

கொடி தரையைத் தொடவில்லை.

எல்லாம் முடிந்து வாத்தியார் கம்பை வாங்கிக்கொண்டதும், டெய்லர் பிடியை விடாமல் என்னை மேடைக்குப் பின்னாலிருந்த வகுப்பறைக்கு ஓட்டிக்கொண்டு போனார். பார்க்கிறவர்களுக்கு என் முதுகில் தட்டிக்கொடுப்பதுபோல் இருந்திருக்கும். கதவை ஒருக்களித்துச் சாத்திவிட்டுத்தான் பேசினார்.

"உங்கப்பா விடுன்னுதானே சொன்னாரு?"

"இல்ல. புடிக்கத்தான் சொன்னாரு."

"பிடின்னாரே."

"அதான். பிடி."

அவர் கொஞ்ச நேரம் என்னையே பார்த்தார். உதடு மட்டும் அசைந்தது. பிள்ளையின் பி ஒரு தடவை, பீடியின் பி ஒரு தடவை. தமிழ்க் காதால் கேட்டிருந்தால் பிடித்திருப்பார். கன்னடக் காதால் கேட்டார், விட்டுவிட்டார். பிறகு அவர் பெஞ்சில் உட்கார்ந்து சத்தம் வராமல் சிரித்த சிரிப்பில் சால்வை நழுவி விழுந்தது.

மூச்சிரைக்க அப்பா வந்து சேர்ந்தார். கதவருகே நின்று, கையைக் கூப்பி, "தப்பு ஆயித்து ஸார்" என்று கன்னடத்தில் ஆரம்பித்தார். டெய்லரும் சட்டென்று எழுந்து, சிரிப்பைத் துடைத்துக்கொண்டு, கன்னடத்திலேயே ஏதோ மரியாதையாகச் சொன்னார். அவர் இவரைப் பார்த்துப் பயப்பட, இவர் அவரைப் பார்த்து ஜாக்கிரதையாக, நான் நடுவில் இரண்டு கையாலும் பேண்ட்டைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"அப்பா, அவரு தமிழு" என்றேன்.

அப்பா முதலில் கதவுக்கு வெளியே எட்டிப் பார்த்தார். டெய்லர் ஜன்னலைப் பார்த்தார்.

"எந்த ஊரு?" என்றார் அப்பா, குரலைத் தணித்து.

"ஆம்பூர் பக்கம். நீங்க?"

"திருப்பத்தூர்."

"பக்கத்துல."

"கடையில கொடி..." என்று இழுத்தார் அப்பா.

"கலாட்டா அன்னிக்கு மாட்டுனது" என்றார் டெய்லர். "அப்புறம் கழட்டப் பயம். மாட்டுறதவிடக் கழட்டுறதுதான் பெரிய பயம். இப்ப பாத்தா அது பாட்டுக்கு எனக்குப் பிடிச்சே போச்சு."

அப்பா தன் சட்டையில் குத்தியிருந்த ரிப்பனைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

டெய்லர் காலருக்கு அடியிலிருந்து ஊசி நூலை எடுத்தார். என் முன்னால் மண்டியிட்டு, பட்டையை இரண்டு பக்கமும் விரலால் மடித்துக்கொண்டு, அப்பாவை நிமிர்ந்து பார்த்தார். கண்ணில் குறும்பு.

"பிடிக்கவா, விடவா?"

அப்பா வாயைத் திறந்தார். இந்தத் தடவை தப்பே வந்துவிடக்கூடாது என்ற பயத்தில், கேட்டது தமிழில் என்பதையும் மறந்து, தன் சித்தாந்தத்தை முழுசாக நம்பிச் சொன்னார்.

"ஹிடி."

வீட்டில் நான் கதை சொல்லி முடித்ததும் மாமா பிய்ந்த பெல்ட்டை மடியில் வைத்துத் தடவிக்கொண்டே, "நான் அன்னிக்கே சொல்லலை? பேண்ட்டு, ஹேண்ட்டு" என்றார். அப்பா அன்றைக்குச் சிரித்தார். அந்தக் கழுகு பக்கிள் ரொம்ப நாள் எங்கள் சாவிக்கொத்தில் கிடந்தது, பிறகு எந்த வீடு மாற்றும்போது போனதோ. டெய்லரும் அப்பாவும் கடைசிவரை கடையில் யாராவது இருந்தால் கன்னடம், இல்லாவிட்டால் தமிழ். பயம் போன பிறகும் அந்தப் பழக்கம் போகவில்லை, அதில் இரண்டு பேருக்கும் ஒரு விளையாட்டு வந்துவிட்டது.

ஆகவே, நண்பர்களே, பேண்ட் நழுவாமல் இருக்க வழி கேட்டால் நான் சொல்ல முடிந்தது இவ்வளவுதான். ஊக்கு குத்தும். நாடா ஏமாற்றும். ரெக்சினை நம்பாதீர்கள். இட்லி, எக்கினால் போய்விடும். விமான நிலையத்தில் கையை விரிக்கச் சொல்லும்போது நான் விரித்துவிட்டு, வரிசையில் எனக்குப் பின்னால் யார் நிற்கிறார் என்று ஒரு தடவை திரும்பிப் பார்த்துக்கொள்கிறேன்.